ஏரித் தண்ணீர் தெளியவே இல்லையா? அயல் கெண்டையை அறிகுறி பார்த்துக் கண்டுபிடித்துக் கட்டுப்படுத்தும் வழி

மழை நின்று மூன்று மாதமாகியும் ஏரித் தண்ணீர் டீ நிறத்திலேயே கிடந்தால் ஊரில் ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். வண்டல் மண் என்பார் ஒருவர், சாக்கடை என்பார் இன்னொருவர். எங்கள் ஊர் ஏரிக்கு நாங்கள் இரண்டு வருடம் வரத்துக் கால்வாயைத்தான் குறை சொல்லிக்கொண்டிருந்தோம். காரணம் தண்ணீருக்குள்ளேயே நீந்திக்கொண்டிருந்தது. ரோகு குஞ்சு என்று சொல்லி ஒரு பண்ணையில் வாங்கிவிட்டதில் சாதாக்கெண்டை (காமன் கார்ப்) என்ற அயல் மீன் கலந்திருந்தது. குஞ்சை இறக்கிய அன்று யாரும் உற்றுப் பார்க்கவில்லை. இரண்டு வருடத்தில் அல்லியும் போனது, நாமக்கோழியும் போனது.

சாதாக்கெண்டை சுவையான மீன், வேகமாக வளரும் மீன். நினைத்தபோது தண்ணீரை வடிக்க முடிகிற பண்ணைக் குட்டையில் அதை வளர்ப்பதில் எனக்கு ஆட்சேபமே இல்லை. ஏரியிலும் ஆற்றிலும் அதே மீன் வேறு வேலை செய்கிறது. குத்தகைக்காரருக்கு லாபம் தருகிற மீன், பாசனத்துக்கும் பறவைக்கும் நாட்டு மீனுக்கும் நட்டமாகிறது. அதனால் நடவடிக்கை எடுக்குமுன் மீன்பாசிக் குத்தகை எடுத்தவரையும் உட்காரவைத்துப் பேசுங்கள். அவரை எதிரியாக்கிக்கொண்டு ஒரு ஏரியையும் சரிசெய்ய முடியாது.

முதலில் கையில் ஒரு மீன் வேண்டும்

கரையில் நின்றபடி 'இது அந்த மீன்தான்' என்று முடிவுகட்டாதீர்கள். வீச்சு வலை போடுபவரிடம் சொல்லி ஒன்றிரண்டு பிடித்து, ஈரத் துணியில் வைத்துப் பாருங்கள்.

வாயோரம் தொங்கும் மீசையைப் பாருங்கள். சாதாக்கெண்டைக்கு இரண்டு ஜோடி. மேலுதட்டில் இருப்பது குட்டை, வாய் மூலையில் இருப்பது நீளம். ரோகு, மிர்காலுக்கு மீசை இருந்தாலும் தேடித்தான் பார்க்க வேண்டும், கட்லாவுக்கு அறவே இல்லை. அடுத்து முதுகுத் துடுப்பு. சாதாக்கெண்டைக்கு அது நடு முதுகில் தொடங்கி வால் பக்கம் வரை நீண்டு ஓடும். துடுப்பின் முதல் முள்ளின் பின்விளிம்பை விரல் நுனியால் மெல்லத் தடவினால் ரம்பப் பல் மாதிரி நறநறவென்று இருக்கும். இந்த முள் இருந்தால் சந்தேகமே வேண்டாம். செதிலை நம்பாதீர்கள். உடம்பெல்லாம் செதில் உள்ளதும், அங்கங்கே பெரிய கண்ணாடிச் செதில் மட்டும் உள்ளதும், செதிலே இல்லாமல் தோல் மட்டும் உள்ளதும் ஒரே இனம்தான். கண்ணாடித் தொட்டியில் வளர்க்கும் கோய் மீனும் இதே இனம்தான், நிறம்தான் வேறு. கோவில் குளத்தில் பிரியமாகக் கொண்டுபோய் விடுகிறவர்களிடம் இதைச் சொல்லுங்கள்.

மற்ற அயல் கெண்டைகளில் புல்கெண்டைக்கு உருளைக்கட்டை மாதிரி நீண்ட உடம்பு. மீசை இல்லை, முதுகுத் துடுப்பு குட்டை, செதில்களுக்குக் கரைகட்டியதுபோல் கருத்த விளிம்பு.

வெள்ளிக்கெண்டைக்குச் செதில் மிகப் பொடி. கண் வாய்க்கோட்டுக்கும் கீழே இறங்கி இருக்கும், மீனைத் தலைகீழாகப் பிடித்திருக்கிறோமோ என்று தோன்றும். வயிற்றில் தொண்டை முதல் மலவாய் வரை கத்தி முனை போன்ற விளிம்பு ஓடும். அந்த விளிம்பு வயிற்றுத் துடுப்பிலிருந்து மட்டும் தொடங்கி, உடம்பில் கருந்திட்டுகளும் இருந்தால் அது பெருந்தலைக் கெண்டை. செவுள் மூடியைத் தூக்கிப் பார்த்தால் இன்னும் உறுதியாகும். வெள்ளிக்கெண்டையின் செவுள் முட்கள் ஒட்டிக்கொண்டு பஞ்சு போல இருக்கும், பெருந்தலையுடையது சீப்புப் பல்லாகப் பிரிந்து நிற்கும்.

அறிகுறி: காற்றில்லாத நாளிலும் தண்ணீர் கலங்கியே இருக்கிறது

ஒரு கண்ணாடிப் பாட்டிலில் தண்ணீர் மொண்டு, அசையாத இடத்தில் ஒரு ராத்திரி வையுங்கள். காலையில் மண் அடியில் படிந்து மேலே தெளிந்திருந்தால், ஏரியில் ஏதோ ஒன்று ஓயாமல் கிளறுகிறது என்று அர்த்தம். இரண்டு மூன்று நாளாகியும் தெளியாவிட்டால் அது நுண்களிமண், மீன்மேல் பழி போடாதீர்கள். பச்சையாக மிதந்து நின்றால் பாசி. ஆனால் பாசிக்குப் பின்னாலும் கெண்டை இருக்கலாம். அடிமண்ணைக் கிளறும்போது அதில் அடங்கியிருந்த பாஸ்பரஸ் தண்ணீரில் கலந்து பாசிக்கு உரமாகிவிடும்.

பிறகு அதிகாலையில் ஆழம் குறைந்த ஓரமாக நடந்து பாருங்கள். சாதாக்கெண்டை அடிமண்ணை வாய் நிறைய உறிஞ்சி, புழுவை வைத்துக்கொண்டு மண்ணைத் துப்பும் மீன். அது மேய்கிற இடத்தில் குமிழிகள் கோடு போட்டதுபோல் நகரும். தண்ணீர் இறங்கிய சேற்றில் உள்ளங்கை அளவுக் குழிகள் ஒழுங்கில்லாமல் நெருக்கமாகத் தெரியும்.

இன்னும் உறுதி வேண்டுமென்றால் எங்களுக்குக் கண்ணைத் திறந்துவிட்ட சோதனையைச் செய்யுங்கள். இடுப்பளவுக்குக் கீழே தண்ணீர் உள்ள இடத்தில் நான்கு மூங்கில் நட்டு, இரண்டு மீட்டருக்கு இரண்டு மீட்டர் சதுரமாகக் கொசுவலை போன்ற கெட்டி வலையைக் கட்டுங்கள். அடியைச் சேற்றில் புதைத்து, உள்ளே மீன் இல்லாமல் பார்த்துக்கொண்டு, கொஞ்சம் வேலம்பாசி என்ற நீர்ச்செடியும் ஒரு அல்லிக் கிழங்கும் ஊன்றுங்கள். பக்கத்திலேயே வலை இல்லாமல் அதே அளவு ஊன்றுங்கள். எங்கள் ஏரியில் ஐந்தாவது வாரம் வலைக்குள் அல்லி இலை விரித்துவிட்டது, உள்ளே அடிமண் கண்ணுக்குத் தெரிந்தது. வெளியே ஊன்றியது முதல் வாரமே பிடுங்கப்பட்டுக் கரையில் ஒதுங்கிக் கிடந்தது. குத்தகைக்காரரைக் கூட்டிவந்து காட்டினோம். அதற்குப் பிறகு வாக்குவாதம் இல்லை.

எவ்வளவு இருந்தால் ஆபத்து? அமெரிக்காவின் மினசோட்டா ஏரிகளில் செய்த ஆய்வுகள் ஹெக்டேருக்குச் சுமார் 100 கிலோவைத் தாண்டினால் நீர்ச்செடிகள் அழியத் தொடங்குவதாகக் காட்டின. ஏக்கருக்கு 40 கிலோ என்று வைத்துக்கொள்ளுங்கள். நம் ஏரியின் கணக்கு கொஞ்சம் மாறலாம், ஆனாலும் கடைசி மீன் வரை ஒழித்தால்தான் பலன் என்று மலைத்துப்போய் உட்கார வேண்டியதில்லை, அளவைக் குறைத்தாலே ஏரி மூச்சுவிடும் என்பதற்கு இது நல்ல சான்று.

செய்ய வேண்டியது: நம் ஏரி வற்றும்

மற்ற நாட்டுக்காரர்களுக்கு இல்லாத ஒரு வசதி நமக்கு இருக்கிறது. ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியாவில் கிரசென்ட் ஏரியில் 1995-இல் சாதாக்கெண்டை கண்டுபிடிக்கப்பட்டது. ஆண் மீன்களுக்கு ரேடியோக் கருவி பொருத்தி விட்டு, அவை போய்ச் சேரும் கூட்டத்தைத் தேடி வலைபோட்டு, முட்டையிடும் சதுப்புப் பகுதிகளுக்கு வேலி கட்டி, கடைசி மீனை எடுக்க 2007 ஆகிவிட்டது. பன்னிரண்டு வருட உழைப்பு. நம் மானாவாரி ஏரிகளில் பல சித்திரை, வைகாசியில் தானாகவே குட்டையாகச் சுருங்கிவிடும். புதுக்கோட்டை, சிவகங்கை, மதுரைப் பக்கம் மீன்பிடித் திருவிழா என்று ஊரே ஊத்தாவும் கச்சாவும் தூக்கிக்கொண்டு இறங்குமே, அந்த ஒரு காலைப்பொழுதில் நடப்பது எந்த நாட்டுத் திட்டத்துக்கும் இளைத்ததில்லை.

திருவிழாவுக்கு முன்பே ஊரில் சொல்லிவைக்க வேண்டியது இதுதான். சாதாக்கெண்டை, ஜிலேபி, ஆப்பிரிக்கக் கெளுத்தி எந்த அளவில் கிடைத்தாலும் எடுத்துக்கொள்ளுங்கள், 'சின்னது, பாவம்' என்று திருப்பி விடாதீர்கள். விரால், குறவை, ஆரால், நாட்டுக் கெண்டைகளில் கொஞ்சத்தை மட்டும் மடைக்குழியிலோ பக்கத்துக் கிணற்றிலோ விட்டுவையுங்கள். அடுத்த மழைக்கு அவைதான் விதை. ஆனால் அந்த மடைக்குழியில் ஒரு ஜோடி சாதாக்கெண்டை தங்கினாலும் போச்சு. ஒரு கிலோ எடையுள்ள தாய்மீன் ஒரு லட்சத்துக்கு மேல் முட்டையிடும். எனவே மடைக்குழியை மோட்டார் வைத்து இறைத்து, கையால் தடவிப் பொறுக்குங்கள். கடைசி அரை மணி நேர வேலைதான் முழு வருடத்தையும் தீர்மானிக்கிறது.

வற்றாத ஏரி என்றால் முட்டையிடும் நேரத்தைக் குறிவையுங்கள். மழை பெய்து புதுத் தண்ணீர் ஓரத்துப் புல்லை மூழ்கடித்த மறுநாள் விடியற்காலையில் சலசலவென்று சத்தம் கேட்கும். பெரிய பெரிய மீன்கள் முதுகு தெரிய புல்லுக்குள் புரளும். சுற்றி வலையை இழுக்க அதைவிட நல்ல நேரம் கிடையாது. குஞ்சுப் பண்ணைக்காரர்கள் சாதாக்கெண்டை முட்டையைச் சேகரிக்க வேலம்பாசிக் கொத்துகளைத் தொங்கவிடுவார்கள், முட்டை அதில் ஒட்டிக்கொள்ளும். அதே உபாயத்தை நாம் திருப்பிப் போடலாம். பாசிக்கொத்தையோ பிரித்த தேங்காய் நாரையோ கயிற்றில் கட்டி ஓரமாகப் போட்டு, மறுநாளே எடுத்து வெயிலில் காயப்போடுங்கள். நம் வெப்பத்தில் இரண்டு நாளுக்குள் பொரிந்துவிடும் என்பதால் 'நாளைக்குப் பார்ப்போம்' என்று விட்டுவிடாதீர்கள்.

விரால் குஞ்சு பாவும் காலத்தில், சிவப்பு உருண்டையாக மேலே திரளும் குஞ்சுகளைக் காத்து நிற்கும் தாயையும் தகப்பனையும் தூண்டில் போட்டுப் பிடிக்காதீர்கள். எளிதாக மாட்டும் என்பதற்காகவே பிடிக்கிறார்கள். கெண்டைக் குஞ்சைத் தின்று குறைக்க ஏரிக்கு இருக்கும் காவல் அதுதான்.

அறிகுறி: நீர்ச்செடி காணாமல் போகிறது, தண்ணீர் தெளிவாகத்தான் இருக்கிறது

மிதக்கும் செடியை எடுத்துப் பாருங்கள். வேரோடு பிடுங்கி வந்திருந்தால் மேலே சொன்ன சாதாக்கெண்டை. வேர் மண்ணிலேயே இருக்க, தண்டு அரிவாளால் அறுத்ததுபோல் நுனி போயிருந்தால் புல்கெண்டை. தண்ணீரில் பச்சைப் பச்சையாகக் கழிவு மிதப்பது இன்னொரு அடையாளம். தின்பதில் பாதி செரிக்காமலே வெளியே வரும்.

பல ஊர்களில் ஆகாயத்தாமரையை ஒழிக்கும் என்று நம்பி இதை விடுகிறார்கள். புல்கெண்டைக்கு வேலம்பாசி போன்ற மெல்லிய செடிகள்தான் இஷ்டம், ஆகாயத்தாமரையில் அது வாய் வைப்பது அரிது. கடைசியில் நல்ல செடி எல்லாம் போய், ஆகாயத்தாமரை மட்டும் மிச்சமிருக்கும். அதைக் கையால், இயந்திரத்தால் எடுப்பதைத் தவிர வழியில்லை.

நிம்மதி தரும் விஷயம், புல்கெண்டை ஏரியில் இனம் பெருக்காது. ஓடும் ஆற்றில் முட்டை மிதந்து போனால்தான் பொரியும். எனவே புதிதாக விடுவதை நிறுத்தி, இருக்கும் பெரிய மீன்களைச் செவுள் வலையில் எடுத்துவிட்டால் முடிந்தது.

அறிகுறி: கட்லா தலை பெருத்து உடம்பு மெலிந்து கிடக்கிறது

கட்லாவும் வெள்ளிக்கெண்டையும் பெருந்தலைக் கெண்டையும் தண்ணீரின் மேலடுக்கில் மிதக்கும் நுண்ணுயிர்களை வடிகட்டித் தின்பவை, ஒரே பந்தியில் உட்காருபவை. குஞ்சை அளவுக்கு மீறி விட்டிருந்தாலும் இப்படி மெலியும் என்பதால் முதலில் இருப்புக் கணக்கைச் சரிபாருங்கள். அது சரியாக இருந்தால் வலையில் வரும் வெள்ளிக்கெண்டையை எண்ணுங்கள். இமாச்சலப் பிரதேசத்தின் கோவிந்த் சாகர் நீர்த்தேக்கத்தில் 1970-களின் தொடக்கத்தில் ஒரு வெள்ளத்தில் பண்ணையிலிருந்து தப்பிய வெள்ளிக்கெண்டை அங்கேயே பெருகியது. சில ஆண்டுகளில் கட்லா அருகிப்போய் அதுவே முதல் மீனாகிவிட்டது.

அமெரிக்காவில் வெள்ளிக்கெண்டையும் பெருந்தலைக் கெண்டையும் 1970-களில் பண்ணைக் குட்டைகளைச் சுத்தமாக வைக்க வரவழைக்கப்பட்டு, மிசிசிப்பிக்குத் தப்பி, இல்லினாய் ஆற்றை நிறைத்தன. மோட்டார் படகுச் சத்தத்துக்கு வெள்ளிக்கெண்டை மூன்று மீட்டர் உயரம் வரை எகிறிப் படகில் இருப்பவர் முகத்தில் மோதுகிறது. இந்த இரண்டும் பேரேரிகளுக்குள் நுழையாமலிருக்க சிகாகோ அருகே ரோமியோவில் பகுதியில் கால்வாய்க்குள் 2002 முதல் மின்தடுப்பு ஓடிக்கொண்டிருக்கிறது. அவ்வளவு செலவும் குட்டையைத் தாண்டிய சில மீன்களுக்காக. உங்கள் பண்ணைக் குட்டை ஓடைப் பக்கம் இருந்தால் வெள்ளக் கோட்டுக்கு மேலே கரையை உயர்த்துங்கள், போக்கு மடையில் வலைக்கம்பி போடுங்கள்.

கெண்டை இல்லை, ஆனால் வேறு ஏதோ இருக்கிறது

ஓரத்துச் சேற்றில் தட்டு வைத்து அழுத்தியதுபோல் வட்ட வட்டமான சுத்தமான பள்ளங்கள் தெரிந்தால் அது ஜிலேபியின் கூடு. வலையில் ஒரே அளவில் பொடிமீன் குவியும். 1952-இல் நாட்டுக்குள் கொண்டுவரப்பட்டது, இன்று அது இல்லாத குளத்தைக் காட்டுங்கள் பார்ப்போம். முழுதாக வற்றவைப்பதும் விராலைக் காப்பதும்தான் மருந்து.

வலை கிழிந்து, கரைமண்ணில் கை நுழையும் பொந்துகள் இருந்தால் அது மீன்தொட்டியில் வளர்க்கும் சக்கர் மீன். இதை அலட்சியமாக விடாதீர்கள், மண்கரை உள்ளே அரித்துக் கசியத் தொடங்கும். வற்றியதும் பொந்துகளைத் தோண்டி மீனை எடுத்து, களிமண் இட்டு இடித்து மூடுங்கள். காற்றைச் சுவாசிக்கும் மீன் என்பதால் கரையில் போட்டாலும் மணிக்கணக்கில் சாகாது. ஆப்பிரிக்கக் கெளுத்தியும் அப்படித்தான், ஈரமான ராத்திரியில் அடுத்த குட்டைக்கே நகர்ந்துவிடும். அதை வளர்க்கவே தடை இருக்கிறது.

அறிகுறி: எல்லாம் எடுத்தாயிற்று, அடுத்த வருடம் மறுபடி வந்துவிட்டது

இதுதான் பெரும்பாலானோர் மனம் விட்டுப்போகிற இடம். நம் ஏரிகள் தனித்தனியாக இல்லை, சங்கிலி. மேல் ஏரி கலிங்கு வழிந்தால் அந்தத் தண்ணீர் அடுத்த ஏரிக்கு வரும், மீனும் வரும். கீழ் ஏரியைச் சுத்தம் செய்துவிட்டு மேல் ஏரியை விட்டால் முதல் மழையிலேயே உழைப்பு கரைந்துவிடும். மேலிருந்து தொடங்குங்கள். அது அடுத்த பஞ்சாயத்தில் இருந்தால் அங்கே போய்ப் பேசுங்கள், வலைச் சதுரச் சோதனையின் படத்தையும் எடுத்துக்கொண்டு போங்கள். வரத்துக் கால்வாயில் வலை கட்டலாம், ஆனால் வெள்ளத்தில் குப்பை அடைத்துக் கிழியும், பொடிக்குஞ்சு கண்ணி வழியே நழுவும். வலையைத் துணைக்கு வைத்துக்கொள்ளலாம், அதையே நம்பியிருக்க முடியாது.

ஆறு என்றால் வற்றவைக்கும் பேச்சே இல்லை. கோடையில் மீன்கள் மடுக்களில் ஒதுங்கும்போது தெரிந்தெடுத்துப் பிடிப்பதும், புதிதாக விடாமல் இருப்பதும்தான் கைவசம் இருப்பவை. காவிரிக்குக் கருமுழிக்கெண்டை சொந்தம். கட்லா, ரோகு, மிர்கால்கூடக் கங்கைப் பக்கத்திலிருந்து வந்தவைதான் என்பதை மீன்குஞ்சு விடும் விழா நடத்துகிறவர்கள் மறந்துவிடுகிறார்கள்.

கோபத்தில் யாராவது பிளீச்சிங் பவுடரோ தோட்டாவோ போடலாம் என்றால் உடனே தடுங்கள். நீர்நிலையில் விஷமும் வெடியும் வைத்து மீன் கொல்வது 1897-ஆம் ஆண்டு இந்திய மீன்வளச் சட்டத்திலேயே குற்றம். நாட்டு மீனும் தவளையும் மாடு குடிக்கும் தண்ணீரும் சேர்ந்து போகும்.

பிடித்த மீனை என்ன செய்வது

சாதாக்கெண்டையில் சேற்று வாடை வரும். உயிரோடு நல்ல தண்ணீரில் ஒரு நாள், இரண்டு நாள் போட்டுவைத்து, பிறகு புளியும் மஞ்சளும் தூக்கலாகக் குழம்பு வையுங்கள். பெண் மீனின் சினையை வீணாக்காதீர்கள். விற்காத சிறுமீன், சக்கர் மீன் எல்லாவற்றையும் துண்டுபோட்டு, சம எடை நாட்டு வெல்லம் சேர்த்து மூடிவைத்தால் மூன்று நான்கு வாரத்தில் மீன் அமிலம் தயார். எங்கள் ஊரில் நெல்லுக்கும் கத்திரிக்கும் அதைத் தெளிக்கிறார்கள், மீன்பிடிக்குப் பிறகு பீப்பாய் பீப்பாயாக நிற்கும்.

குஞ்சு வண்டி வந்த அன்று

ஏரியில் கொட்டுவதற்கு முன் நாலைந்து பாக்கெட்டிலிருந்து ஒரு கை குஞ்சை எடுத்து வெள்ளை வாளியில் விடுங்கள். விரல் நீளக் குஞ்சிலேயே முதுகுத் துடுப்பின் வித்தியாசம் தெரியும். ரோகுவுக்கும் மிர்காலுக்கும் அது சின்ன முக்கோணக் கொடி மாதிரி நடு முதுகில் நிற்கும், சாதாக்கெண்டைக்கு வால் பக்கம் வரை பட்டையாக ஓடும். பூதக்கண்ணாடி இருந்தால் மீசையும் தெரியும். நாங்கள் இப்போது பள்ளிக்கூடப் பிள்ளைகளைத்தான் வாளியைச் சுற்றி உட்காரவைக்கிறோம், பெரியவர்களைவிட அவர்களுக்குச் சட்டென்று கண்ணில் படுகிறது. ஒரு குஞ்சு சந்தேகமாக இருந்தாலும் அந்த வண்டியின் மற்ற பாக்கெட்டுகளைப் பிரிக்காமல் அப்படியே திருப்பி அனுப்பிவிடுங்கள்.